எதை எதிர்த்து மேல்முறையீடு?

“முடியாதுன்னா முடியாதுன்னு எழுதிக் கொடுத்துருங்க, புவான்.”

மலாயில்தான், ‘புவான்’ என்று மரியாதையாகவே கேட்டேன். தமிழில் கேட்டிருந்தால் இன்னும் காட்டமாக இருந்திருக்கும். புத்ராஜெயாவில், ஆசிரியர் நியமனங்களைப் பார்க்கும் இலாகாவின் கவுண்டர் அது. எனக்குப் பின்னால் வரிசையில் நின்ற ஆள் தொண்டையைச் செருமினார்.

என்ன வேண்டுமானாலும் கேட்கலாம், இதை மட்டும் கேட்கக்கூடாது என்று எனக்குச் சொல்லியிருந்தார்கள். சொன்னவர் தம்புசாமி அங்கிள். கிள்ளானில் எங்கள் பகுதித் தமிழ்ப்பள்ளியின் பெற்றோர் ஆசிரியர் சங்கத் தலைவர். தெங்கு கிளானா சாலையில் கல்யாண மணவறைகளை வாடகைக்கு விடும் கடை வைத்திருக்கிறார். ஆசிரியர் வேலைக்கு விண்ணப்பித்துவிட்டுக் காத்திருக்கிற வட்டாரப் பிள்ளைகள் அத்தனை பேருக்கும் அவர்தான் வழிகாட்டி. “எப்ப கிடைக்கும்னு கேளு. எந்த ஊர்னு கேளு. அழுதுகூடக் கேளு, தப்பில்ல. இல்லைங்கிறத மட்டும் எழுத்துல கேட்டுறாத. அவன் எழுதிட்டான்னா உன் கதை முடிஞ்சுது லா” என்பார்.

கவுண்டரில் இருந்த பெண்மணிக்கு என் அம்மா வயது இருக்கும். பக்கத்துக் கவுண்டர்காரியை அழைத்து நான் கேட்டதைத் திரும்பச் சொன்னார். இருவரும் என்னைப் பார்த்தார்கள். கடைக்கு வந்து கெட்டுப்போன மீனாகப் பார்த்துக் கொடு என்று கேட்டவளைப் பார்ப்பதைப் போல.

“அடிக், நிராகரிச்சிடாதீங்கன்னுதான் எல்லாரும் வந்து கேட்பாங்க.” தங்கச்சி என்கிற அர்த்தத்தில்தான் ‘அடிக்’ என்றார்.

“நான் நிராகரிங்கன்னு சொல்லல. நிராகரிச்சிருந்தா எழுதிக் கொடுங்கன்னு கேக்குறேன்.”

“நிராகரிக்கலையே. பரிசீலனையில இருக்கு.”

“சரி. பரிசீலனையில இருக்குன்னு எழுதிக் கொடுங்க.”

“அதையும் எழுத முடியாது.”

“ஏன்?”

அவர் மிகவும் இயல்பாக, எனக்கு உதவி செய்கிற குரலில் சொன்னார்: “எழுதினா அது பதிலாயிடும், அடிக்.”

எனக்குச் சட்டென்று கோபம் வரும். வீட்டிலும் வெளியிலும் அதற்காக நிறைய பேச்சு வாங்கியிருக்கிறேன். அன்று அந்த இடத்தில் கோபம் வரவில்லை. இவ்வளவு பெரிய கட்டடம், இத்தனை கவுண்டர்கள், குளிரூட்டி, டோக்கன் மெஷின், எல்லாம் வைத்துக்கொண்டு ஒரு பதிலும் வெளியே போய்விடாமல் எப்படிப் பார்த்துக்கொள்கிறார்கள்? அதைத் தெரிந்துகொண்டே ஆகவேண்டும் என்று தோன்றியது. திருடன் எந்த வழியாக வந்தான் என்று வீட்டுக்காரி தேடுவாளே, அந்த மாதிரி.

எங்கள் குடும்பத்தில் நான்தான் முதல் பட்டதாரி. தமிழாசிரியர் படிப்பு. அம்மா சீதாலெட்சுமி, கிள்ளானுக்குப் பக்கத்தில் மேருவில் கையுறைத் தொழிற்சாலையில் வேலை செய்கிறார். நான் பட்டம் வாங்கிய வாரத்திலிருந்து சொந்தக்காரர்கள் என்னை ‘டீச்சர்’ என்றுதான் கூப்பிடுகிறார்கள். நான்கு வருடமாகக் கூப்பிடுகிறார்கள். கல்யாண வீடுகளில், “டீச்சர், போஸ்டிங் வந்துருச்சா?” என்று அதே வாயால் கேட்கவும் செய்வார்கள். நான் கைப்பேசிக் கடைக்கு மேலே இருக்கும் டியூஷன் சென்டரில் பாடம் நடத்திக்கொண்டிருந்தேன். ஆசிரியர் தேவையில்லை என்றால் சரி, வேறு வேலைக்குப் போயிருப்பேன். ஆனால் டியூஷனுக்கு வரும் பிள்ளைகளே சொல்வார்கள்: “டீச்சர், எங்க ஸ்கூல்ல தமிழுக்கு ஆளே இல்ல. விளையாட்டு சார்தான் வந்து உக்கார்றாரு. விசில்கூட கழட்ட மாட்டாரு.”

பிள்ளைகள் இருக்கிறார்கள். பள்ளி இருக்கிறது. நான் இருக்கிறேன். நடுவில் என்ன இருக்கிறது?

புத்ராஜெயாவிலிருந்து நேராக பிரிக்பீல்ட்ஸ் போனேன். பூமாலைக் கடைக்கு மேல்மாடியில் ஃபர்ஹானா அக்காவின் வழக்கறிஞர் அலுவலகம். இரண்டு அறை. அம்பாங்கில் வளர்ந்தவர். என் பல்கலைக்கழகத் தோழியின் அக்கா என்பதால் கட்டணம் பேசாமல் எனக்குக் காது கொடுக்கிறவர். நான் போனபோது கீழே தள்ளுவண்டியில் வாங்கிய வடையைச் சட்னியில் தொட்டுக்கொண்டிருந்தார். கவுண்டர் கதையைச் சொன்னேன். வடை கையிலேயே நின்றது.

“எழுதினா பதிலாயிடும்னு அந்தம்மா அப்படியேவா சொன்னாங்க?”

“அப்படியேதான்கா.”

“தங்கமான பொம்பளை” என்றார் அக்கா. “சரி, கேளு. கோர்ட்டுக்குப் போலாம். ஆனா கோர்ட்டு உனக்கு வேலை வாங்கித் தராது, அதை முதல்ல மண்டையில ஏத்திக்க. நீ நல்ல டீச்சரா, மோசமான டீச்சரான்னு ஜட்ஜ் பாக்க மாட்டாரு. முடிவெடுக்க வேண்டியவங்க முடிவெடுத்தாங்களா, ஒழுங்கா எடுத்தாங்களா, அவ்வளவுதான் சீராய்வு. இவங்க எடுக்கவே இல்ல. எடுங்கன்னு உத்தரவு போடச் சொல்லிக் கேப்போம்.”

“எடுத்து, இல்லைன்னு சொல்லிட்டாங்கன்னா?”

“சொல்லட்டுமே. அப்போ ஏன்னு கேக்கலாம். இப்போ அதைக்கூட கேக்க முடியலயே உன்னால.”

எனக்கு இது பிடித்திருந்தது. வேலை கொடு என்று கையேந்துவது வேறு. வாயைத் திறந்து சொல் என்று கேட்பது வேறு. அக்கா முதலில் இலாகாவுக்குக் கடிதம் அனுப்பினார். எதிர்பார்த்தபடியே பதில் இல்லை. நாங்கள் நான்கு பேர் சேர்ந்து வழக்குப் போட்டோம். அதில் காஜாங் ராஜேஷ்குமாரை மட்டும் சொல்லவேண்டும், என் செட்டுதான். காத்திருக்கும் காலத்தில் வாடகைக் கார் ஓட்டுகிறான். “பேசஞ்சர்கிட்ட நான் டீச்சர்னு சொல்றேன், உடனே அஞ்சு ஸ்டார் கொடுக்கிறாங்க. இலாகாவுக்கு மட்டும்தான் லா என்னைப் புடிக்கல” என்பான்.

சீராய்வு வழக்கை நினைத்தவுடன் நடத்திவிட முடியாது. முதலில் நீதிமன்றம் அனுமதி கொடுக்கவேண்டும். அந்த அனுமதியைக் கொடுக்கக்கூடாது என்று அரசாங்கத் தரப்பு எழுதிய ஆட்சேபம் வந்த அன்று, அக்கா என்னை அழைத்தார். குரலில் வழக்கமான கேலி இல்லை.

மேசையில் ஒரு பத்திரிகைப் படத்தின் நகல் கிடந்தது. கிள்ளானில் ஒரு மண்டபம், தீபாவளித் திறந்த இல்ல உபசரிப்பு. ஓர் அரசியல்வாதியின் கையில் நான் சிவப்பு ரிப்பன் கட்டிய கோப்பைக் கொடுக்கிறேன். நடுவில் தம்புசாமி அங்கிள். நீலப்புடவையில் நான் பல் தெரியச் சிரித்துக்கொண்டிருக்கிறேன். கீழே, ‘வேலை கிடைக்காத ஆசிரியர்கள் மேல்முறையீடு’ என்று போட்டிருந்தார்கள்.

“ஒவ்வொரு தீபாவளிக்கும் கொடுத்திருக்க” என்றார் அக்கா. “நீ மட்டுமில்ல, நாலு பேரும். அவங்க வாதம் இதுதான்: மேல்முறையீடு போட்டிருக்காங்கன்னா நிராகரிப்பு நடந்திருக்கு, அது இவங்களுக்குத் தெரிஞ்சிருக்கு. முடிவு தெரிஞ்ச மூணு மாசத்துக்குள்ள கோர்ட்டுக்கு வந்திருக்கணும். வருஷக்கணக்காச்சு, காலாவதி. கதவைச் சாத்துங்க.”

“யாருக்கா நிராகரிச்சா?”

“அதைத்தான் நான் உன்கிட்ட கேக்குறேன். நீ எதை எதிர்த்து ராயுவான் போட்ட?”

நான் யோசித்தேன். நிஜமாகவே யோசித்தேன். எதை எதிர்த்து?

எங்கள் ஊரில் இது ஒரு சடங்கு மாதிரி. தீபாவளிக்கு ஒரு வாரம் முன்பு தம்புசாமி அங்கிள் கடையில் கூடுவோம். ஒரே மாதிரி மேல்முறையீட்டைக் கணினியில் வைத்திருப்பார். பெயரையும் அடையாள அட்டை எண்ணையும் மாற்றி அச்சடிப்பார். மேல்முறையீட்டுக்கான மலாய்ச் சொல்லை, ‘ராயுவான்’ என்று மேலே பெரிதாகப் போட்டு அடிக்கோடு. மணவறைக்குக் கட்டும் ரிப்பனையே கோப்புக்கும் கட்டுவார். பெண்கள் புடவை கட்டி வரவேண்டும், பையன்கள் ஜிப்பா. வரிசையில் நின்று கொடுப்போம், படம் எடுப்பார்கள், பிரியாணி சாப்பிடுவோம், வீட்டுக்கு வருவோம். மறுநாள் பத்திரிகையில் படம் வந்ததா என்று பார்ப்போம். நாங்கள் எல்லோரும் பட்டம் படித்தவர்கள். யார் வேண்டாமென்றார்கள் என்று ஒருவர்கூடக் கேட்டதில்லை. யாரும் போடாத தீர்ப்புக்கு வருடா வருடம் பட்டுப்புடவை கட்டிக்கொண்டு அப்பீல் செய்திருக்கிறோம்.

எனக்குச் சிரிப்பு வந்தது. அக்கா சிரிக்கவில்லை.

“அங்க நிராகரிப்பே இல்லைன்னு யாராவது சத்தியப் பிரமாணம் செஞ்சு கொடுத்தா பொழைச்சோம். உள்ள விஷயம் தெரிஞ்ச ஆளா இருக்கணும். நீங்களே சொன்னா, காலாவதியை மறைக்கிறதுக்காகச் சொல்றீங்கன்னு சொல்வாங்க.”

கிள்ளான் போகும் கொமுட்டர் ரயிலில் ஏறி உட்கார்ந்தபோது என் தலைக்குள் ஒரே கேள்விதான் ஓடிக்கொண்டிருந்தது. விண்ணப்பத்தை மேல்முறையீடு ஆக்கலாம் என்று முதன்முதலில் யாருக்குத் தோன்றியது?

தம்புசாமி அங்கிள் கடையில் மறுநாள் கல்யாணத்துக்கான சாமான்களை லோரியில் ஏற்றிக்கொண்டிருந்தார்கள். பிளாஸ்டிக் வாழைமரம் இரண்டு, தங்கமுலாம் நாற்காலிகள், தெர்மகோல் யானைகள். அங்கிள் யானையின் தந்தத்தைப் பசை போட்டு ஒட்டிக்கொண்டிருந்தார்.

“வா டீச்சர். கோர்ட்டுக்கெல்லாம் போயிட்டியாமே. இனிமே எங்க ஞாபகம் எங்க வரப்போவுது.”

“அங்கிள், ராயுவான் போடச் சொல்லி உங்களுக்கு யாரு சொன்னது?”

“ஏன், என்ன இப்ப?”

“தெரிஞ்சிக்கத்தான்.”

அவர் தந்தத்தை அழுத்திப் பிடித்தபடியே சொன்னார். “இலாகாவுல விஜயன்னு நம்ம பையன் ஒருத்தர் இருக்காரு. நல்ல பையன், நம்மாளுங்கன்னா ஓடி வருவாரு. அவர்தான் சொன்னாரு. ‘அங்கிள், விண்ணப்பம்னா அது வரிசையில கிடக்கும். ராயுவான்னா மேசைக்கு வரும்’னு. அன்னையிலேர்ந்து ராயுவான்தான்.”

“அதுக்கு முன்னாடி எங்களை நிராகரிச்சிருந்தாங்களா?”

“யாரு நிராகரிச்சா? ஒருத்தனும் நிராகரிக்கலையே! எனக்கு நல்லாத் தெரியுமே. ஒவ்வொரு வருசமும் விஜயன்கிட்ட கேட்டுக்கிட்டுத்தானே நான் டைப் பண்றேன். ‘இன்னும் ஒண்ணும் முடிவாகல அங்கிள், போட்டு வைங்க’ம்பாரு.”

“இதை நீங்க கோர்ட்டுல சொல்லணும் அங்கிள். சத்தியப் பிரமாணம். எங்க வக்கீல் எழுதிருவாங்க, நீங்க கையெழுத்துப் போட்டா போதும்.”

பசை விரலில் காய்ந்துவிட்டது. அதைச் சுரண்டிக்கொண்டே இருந்தார். வெளியே லோரிக்காரர், “அண்ணே, யானை வருதா இல்லியா?” என்று கத்தினார்.

“சொன்னா?” என்றார் அங்கிள்.

“சொன்னா எங்க கேஸ் பொழைக்கும்.”

“நான்?”

விரலில் மிச்சமிருந்த பசையைச் சட்டையில் தேய்த்துவிட்டு அவரே தொடர்ந்தார்.

“இல்லாத முடிவுக்கு இத்தனை வருசமா அப்பீல் டைப் பண்ணேன்னு நானே போய் எழுதிக் கொடுக்கணும். அப்புறம் அடுத்த தீபாவளிக்கு எந்தப் புள்ள என்கிட்ட ஃபைல் கொடுக்கும்? மண்டபத்துல என்னை யாரு முன் வரிசையில உக்கார வைப்பான்? சும்மா சொல்லாத ரோகிணி. என் வேன்ல எத்தனை வாட்டி உங்களையெல்லாம் புத்ராஜெயா கூட்டிட்டுப் போயிருக்கேன். எண்ணெய்க்குக் காசு கேட்டிருக்கேனா?”

“கேட்டதில்ல.”

“என் ஃபைல்ல போன மூணு பொண்ணுங்க இன்னிக்கு டீச்சர்.”

“ஃபைலே கொடுக்காத பொண்ணுங்களும் டீச்சரா இருக்காங்க அங்கிள்.”

அவர் முகம் சுருங்கிவிட்டது. இப்படிப் பேசியிருக்கவேண்டாம் என்று அம்மா சொல்வார். ஆனால் உண்மை அதுதான், அவருக்கும் தெரியும். யானையைத் தூக்கிக்கொண்டு வெளியே போய்விட்டார். எனக்குக் கையெழுத்து கிடைக்கவில்லை. ஆனால் அந்தக் கட்டடத்திலிருந்து பதில் ஏன் வெளியே வருவதில்லை என்று பாதி புரிந்தது. மறுபாதி விஜயன் என்பவரிடம் இருந்தது.

தேடிப் போகவேண்டியிருக்கவில்லை. மூன்றாம் நாள் தம்புசாமி அங்கிளே அம்மாவுக்கு அழைத்தார். “ஞாயித்துக்கிழமை சங்கத்துக்கு வாங்கக்கா. விஜயன் தம்பி வர்றாரு. டீச்சருக்கு நல்ல சேதி. பேசித் தீர்த்துக்கலாம்.”

ஃபர்ஹானா அக்காவுக்குச் சொன்னேன். “வக்கீல் இருக்கும்போது உன்னைத் தனியா கூப்பிட்டுப் பேசறதே தப்பு. போகணும்னு உனக்கு அவசியம் இல்ல” என்றார்.

“போறேன்கா. எனக்கு ஒண்ணு தெரிஞ்சாகணும்.”

“போனா எதுலயும் கையெழுத்துப் போடாத. வாயைக் குறைச்சு, காதை நல்லாத் திறந்து வச்சுக்க. உனக்கு அது கஷ்டம்னு தெரியும்.”

அம்மா அன்று ஓவர்டைம் இல்லை என்று எழுதிக் கொடுத்துவிட்டு, கேசரி கிண்டி டப்பாவில் போட்டுக்கொண்டு கிளம்பினார்.

“கோவமா பேசாத. அவங்க பேசட்டும்.”

“நான் கேள்விதான்மா கேப்பேன்.”

“உன் கேள்வியே கோவமாத்தான் இருக்கு.”

சங்கத்தின் அறை ஒரு மளிகைக் கடைக்கு மேலே. பழைய பரிசுக் கோப்பைகள், மடக்கு நாற்காலிகள், ஒரு மின்விசிறி. விஜயனுக்கு முப்பத்தைந்து வயது இருக்கலாம். நல்ல காலர் சட்டை, மேசைமேல் இரண்டு கைப்பேசி. எழுந்து அம்மாவைக் கும்பிட்டார். நான் ஒரு வில்லனை எதிர்பார்த்துப் போயிருந்தேன். இவர் எங்கள் கல்யாணங்களில் பந்தியில் ஓடியாடிப் பரிமாறும் அண்ணன்மார்களில் ஒருவரைப் போல இருந்தார். தம்புசாமி அங்கிள் தேநீர் ஊற்றினார். என் முகத்தைப் பார்க்கவில்லை.

“தங்கச்சி, நேரா விசயத்துக்கு வரேன்” என்றார் விஜயன். “காப்பார் பக்கம் ஒரு தமிழ்ப்பள்ளி. உங்க வீட்டுலேர்ந்து பைக்குல போயிடலாம். நாலாம் வகுப்புக்குத் தமிழ் டீச்சர் இல்ல. காண்ட்ராக்ட் இல்ல, நிரந்தரம். அடுத்த மாசம் சேந்துக்கலாம். நீ கேஸ்லேர்ந்து உன் பேரை மட்டும் எடுத்துரு.”

அம்மா வாயைப் பொத்திக்கொண்டார்.

பொய் சொல்லவேண்டாம். எனக்கு அந்த வகுப்பறை அப்படியே தெரிந்தது. நாலாம் வகுப்பு எனக்குப் பிடித்த வயது. எதற்கெடுத்தாலும் ஏன் என்று கேட்பார்கள். ஆனால் இன்னும் நம்மேல் நம்பிக்கை போயிருக்காது. அந்தப் பிள்ளைகளுக்கு முன்னால் சாக்பீஸோடு நிற்க என் கை பரபரத்தது. ஏர்கண்டிஷனிலிருந்து தண்ணீர் சொட்டுகிற டியூஷன் அறை வேண்டாம். கல்யாண வீட்டில் யாராவது ‘டீச்சர்’ என்றால் நிமிர்ந்து பார்க்கலாம். ஒரு ‘சரி’ போதும்.

“அண்ணே, ஒண்ணு கேக்கலாமா?”

“கேளு தங்கச்சி.”

“நாலு வருசமா நடக்காதது அடுத்த மாசம் எப்படி நடக்கும்?”

“மனசிருந்தா நடக்கும்.”

“யாரு மனசு?”

சிரித்தார். “கேஸ் போட்டவங்க எல்லாம் இப்படித்தான் போல. உள்ள சில வழி இருக்கும்மா. இடம் காலியா இருக்கும்போது யாரைத் தூக்கி வைக்கலாம்னு பாப்போம். எங்களுக்கும் நம்மாளுங்களுக்குச் செய்யணும்னு இருக்கு.”

நான் தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்தேன். குரலை அம்மா சொன்ன மாதிரி இறக்கிக்கொண்டேன்.

“இல்லண்ணே, எனக்கு ஒரு சந்தேகம். ஒருதடவை நிராகரிச்ச ஃபைலை மறுபடி எடுக்கணும்னா பெரிய குழு உக்காரணும், நாளாகும்னு சொல்றாங்களே. என்னோடது மட்டும் எப்படி?”

“உன் ஃபைலை யாரு நிராகரிச்சா?” என்றார் அவர், குழந்தைக்கு விளக்குகிற மாதிரி. “அப்படி நிராகரிச்சிருந்தா நானே ஒண்ணும் செய்ய முடியாது தங்கச்சி. அது திறந்துதான் கிடக்கு. இன்னிக்கு வரைக்கும் யாரும் முடிவு போடல. அதனாலதான் இப்ப உள்ள நுழைக்க முடியுது.”

தம்புசாமி அங்கிள் இருமினார். நான் எதற்காக இதைக் கேட்டேன் என்று அந்த அறையில் என்னைத் தவிர அவர் ஒருவருக்குத்தான் தெரியும். இப்போது அவர் ஒரு வார்த்தை சொல்லி விஜயனை நிறுத்தியிருக்கலாம். “டீ ஆறிடப்போவுது தம்பி” என்று மட்டும் சொன்னார்.

“ராயுவான் போட்டோமே அண்ணே, அது?”

“அது சும்மா. ராயுவான் உள்ள இருந்தா ஃபைல் ‘பரிசீலனையில’ இருக்குன்னு காட்டும். யாரும் வந்து ஏன் லேட்டுன்னு கேக்க முடியாது. உங்களுக்கும் நல்லது, எங்களுக்கும் தொல்லையில்ல.”

நான்கு வருடம் எனக்குப் புரியாதிருந்த ஒன்றை, கேசரியை ஸ்பூனால் அள்ளிக்கொண்டே சொல்லிவிட்டார். பதில் வெளியே போகாமல் கதவில் முட்டுக் கொடுத்திருந்தது நாங்கள்தான். ரிப்பன் கட்டி, படம் எடுத்து, நாங்களே கொண்டுபோய்க் கொடுத்திருக்கிறோம்.

“மத்த மூணு பேரு ஃபைலும் திறந்துதான் இருக்கா?”

“எல்லாருதும்தான். உனக்கெதுக்கு அது? அவங்கவங்க வந்து பேசட்டும். இப்ப ஒரு இடம்தான் இருக்கு.”

ராஜேஷ்குமார் இந்நேரம் காஜாங்கில் எவரையாவது ஏற்றிக்கொண்டிருப்பான். அவனுக்கு இந்த அழைப்பு வந்திருந்தால் அவன் என்ன செய்திருப்பான்? தெரியவில்லை. அவனைச் சொல்லி என்னை நல்லவளாக்கிக்கொள்ளவும் விருப்பமில்லை. எனக்கு வேறொரு காட்சிதான் மனதில் வந்தது. அடுத்த தீபாவளி மண்டபம். தம்புசாமி அங்கிள் மைக்கைப் பிடித்து, “நம்ம ரோகிணி டீச்சர் எழுந்து நில்லும்மா” என்கிறார். நான் எழுந்து நிற்கிறேன். ராயுவான் போட்டால் வேலை கிடைக்கும் என்பதற்கு உயிருள்ள சாட்சியாக நிற்கிறேன். என்னைப் பார்த்துவிட்டு புதிதாய்ப் பட்டம் வாங்கிய பெண்கள் கோப்புகளோடு வரிசையில் நிற்கிறார்கள். ஒவ்வொரு கோப்பும் ஒரு கதவைச் சாத்துகிறது. வருடா வருடம் நிற்கவேண்டும், அந்தப் பள்ளியில் ஓய்வு பெறும்வரை.

அப்போதுதான் அதுவரை வாய் திறக்காத அம்மா பேசினார்.

“தம்பி, உங்க முழுப் பேரு சொல்லுங்க. நட்சத்திரமும். வெள்ளிக்கிழமை அம்மன் கோயில்ல அர்ச்சனை பண்ணணும்.”

விஜயனுக்கு முகமெல்லாம் பூரிப்பு. தன் பெயர், அப்பா பெயர், உத்திராடம் என்றார்.

“எங்க வேலை பாக்குறீங்கன்னும் சொல்லுங்க தம்பி. பதவியும் சொல்லித்தான் வேண்டிக்குவேன், மேல மேல வரணும்ல.”

எந்தப் பிரிவு, என்ன பதவி, அதையும் சொன்னார். அம்மா உதட்டை அசைத்து இரண்டு தடவை திருப்பிச் சொல்லி மனதில் பதித்துக்கொண்டார். தொழிற்சாலையில் சரக்கு எண்களை அப்படித்தான் மனப்பாடம் செய்வார். நான் அவரைத் திரும்பிப் பார்த்தேன். நிஜமாகவே அர்ச்சனைக்குத்தானா? அந்த முகத்தில் என்னால் ஒன்றும் படிக்க முடியவில்லை. என்னைப் பெற்றவர், என் இருபத்தாறு வயதில் முதல்தடவையாக இவர் யார் என்று எனக்குக் கேட்கத் தோன்றியது.

“அப்ப சரிதானே தங்கச்சி?” என்றார் விஜயன். “வக்கீலம்மாகிட்ட நாளைக்கே சொல்லிரு.”

“வேணாம்ணே.”

விஜயன் ஸ்பூனைக் கீழே வைத்தார்.

“என்ன வேணாம்?”

“இந்த இடம். இப்படி வேணாம்.”

“ரோகிணி” என்றார் தம்புசாமி அங்கிள், “அவசரப்படாத.”

“விளையாட்டா?” விஜயனின் குரலில் இப்போது அண்ணன் இல்லை. “கோர்ட்டுல அனுமதியே கிடைக்காது உங்களுக்கு. அதுக்கப்புறம் என்கிட்ட வந்தா இந்த இடமும் இருக்காது, வேற இடமும் இருக்காது. தெரியுமா?”

“தெரியும்ணே.”

தெரியும்தான். ஒரு தேநீர் மேசையில் சொன்னதை நீதிபதி எடுத்துக்கொள்வாரா என்று எனக்குத் தெரியாது. அரசாங்க வழக்கறிஞர் இவர் அப்படிச் சொல்லவே இல்லை என்பார். என் வார்த்தைக்கு என்ன மதிப்பு என்பார். ஃபர்ஹானா அக்கா பல்லைக் கடித்துக்கொண்டு சண்டை போடுவார், தோற்றாலும் தோற்போம். அப்படித் தோற்றால் காப்பார் பள்ளியில் ஏதோ ஒரு விளையாட்டு சாருக்கு முன்னால் உட்கார்ந்திருக்கும் நாலாம் வகுப்புக்கு வேறு யாரோ போவார்கள், அல்லது யாருமே போகமாட்டார்கள். இருந்தாலும் அவர் வாயால் சொன்னதை நான் காதால் கேட்டுவிட்டேன். யாரும் முடிவெடுக்கவில்லை. அதை நான் எழுதிக் கொடுப்பேன், இன்றைக்கே, பெயர் போட்டு, பதவி போட்டு.

எழுந்து நாற்காலியை மடக்கிச் சுவரில் சாய்த்தேன்.

“வாங்கம்மா.”

அம்மா அசையவில்லை. அவர் கோப்பையில் தேநீர் பாதி இருந்தது.

“நீ போ” என்றார், என்னைப் பார்க்காமல். “நான் டீயைக் குடிச்சிட்டு வரேன். தம்பிகிட்ட இன்னும் ஒண்ணு கேக்கணும்.”

என்ன கேட்கப்போகிறார் என்று நின்று கேட்க ஆசையாகத்தான் இருந்தது. நிற்கவில்லை. கதவைத் தள்ளினேன். மளிகைக் கடையின் மிளகாய்த்தூள் நெடி படிக்கட்டு முழுக்க ஏறிக்கொண்டிருந்தது. கைப்பேசியில் பிரிக்பீல்ட்ஸ் போக அடுத்த கொமுட்டர் எத்தனை மணிக்கு என்று பார்த்துக்கொண்டே கீழே இறங்கினேன்.